அவ்வையும் அப்பத்தாவும்

சேலத்திலிருந்து உளுந்தூர்ப்பேட்டை நோக்கிச் செல்லும் நெடுஞ்சாலையில், மலைக்கோட்டையொன்றின் நிழலில் அமைந்த ஊர் தியாகதுருகம். மேற்கே கல்வராயன் மலைத்தொடர். வடகிழக்கே தென்பெண்ணைக் கரையில் திருக்கோவலூர். பாரி வள்ளல் மறைந்தபின் ஆதரவற்று நின்ற அவன் மகளிர் இருவருக்கும் அவ்வை மூதாட்டி முன்னின்று மணமுடித்து வைத்தாள் என்று கதை வழங்குவது அந்தத் திருக்கோவலூரில்தான். கையிலே கோலூன்றி, ஊர் ஊராக நடந்து, மன்னர் அவையிலும் மாட்டுக் கொட்டிலிலும் ஒரே குரலில் பேசிய அம்மூதாட்டியை அறியாத தமிழ்க் குழந்தை இல்லை. அவள் எம்மதத்தினள் என்று பாராமல் நம் வீட்டுப் பிள்ளைகளும் அவள் சொல்லைப் படித்தே எழுத்தறிந்தனர்.

அந்த அவ்வை 1953-ஆம் ஆண்டு ஆகஸ்டுத் திங்கள் 15-ஆம் நாள் வெள்ளித்திரைக்கு வந்தாள். எஸ். எஸ். வாசனின் ஜெமினி நிறுவனம் எடுக்க, கொத்தமங்கலம் சுப்பு இயக்கிய ‘ஔவையார்’ படத்தில் அவ்வையாக நின்றவர் கொடுமுடி கே. பி. சுந்தராம்பாள். கட்டிளங்காளை ஒருவனும் கன்னியொருத்தியும் இன்றேல் படமே இல்லை என்றிருந்த தொழிலில், நரைத்த தலையும் திருநீற்று நெற்றியுமாக ஒரு கிழவியைக் கதையின் நடுவே நிறுத்திப் பெரும் பொருட்செலவில் படமெடுத்தார் வாசன். யானைக் கூட்டம் வந்து கோட்டையை இடிக்கும் காட்சியைப் பற்றி அந்நாளில் பேசாத ஊரில்லை. யானைகளை வரவழைத்தது கிழவியின் பாட்டு. ஆண் கதாநாயகனின் வாளுக்கும் வில்லுக்கும் உரிய இடத்தை ஒரு முதியவளின் குரலுக்குக் கொடுத்த தமிழ்ப் படம் அதற்கு முன் இல்லை. பின்னரும் நெடுங்காலம் வரவில்லை.

சுந்தராம்பாள் 1908-இல் பிறந்தவர். படம் வந்தபோது அவருக்கு நாற்பத்தைந்து வயதுகூட முழுமையாக நிரம்பவில்லை. கணவர் எஸ். ஜி. கிட்டப்பா 1933-இல் இறந்தது முதல் வெண்ணிற ஆடையே உடுத்தியவர். ஆடவருடன் இணைந்து நடிப்பதில்லை என்று உறுதி பூண்டவர். 1935-இல் ‘நந்தனார்’ படத்தில் நந்தனாராகவே ஆண் வேடம் ஏற்றார். அதற்கு அவர் பெற்ற ஒரு லட்சம் ரூபாய் ஊதியம் அக்காலத்தில் நாடெங்கும் வியந்து பேசப்பட்டது. 1951-இல் சென்னை மாநில மேலவையின் உறுப்பினரானார். ஆக, கணவனை இழந்த பெண் வீட்டின் பின்கட்டில் ஒடுங்கிக் கிடந்த காலத்தில், சட்டமன்றப் படியேறிய ஒரு பெண்மணியே அவ்வையாக வேடம் பூண்டார். வேடத்துக்கும் வாழ்வுக்கும் இடையே இருந்த இந்தப் பொருத்தம்தான் அப்படத்துக்கு உயிர் தந்தது என்பது நம் கருத்து.

ஆயினும் அக்கதையின் அடியில் ஒரு நிபந்தனை கிடப்பதை நோக்க வேண்டும். மணம் பேசி வந்த வேளையில் இளநங்கை அவ்வை இறைவனை வேண்டி முதுமையை வரமாகப் பெறுகிறாள் என்பது மரபுக் கதை. இளமை இருக்கும் வரை வீதியில் நடக்க முடியாது. அரசனிடம் பேச முடியாது. முதுமை வந்தால் எல்லாம் கூடும். முதுமை இங்கே விடுதலையாக வருகிறது; ஆனால் பெண் என்ற தன்மையை விலையாகக் கொடுத்துப் பெற்ற விடுதலை. சங்கப் பாடல்களில் நாம் காணும் அவ்வை இப்படிப்பட்டவள் அல்லள். அதியமானின் தகடூர் அவையில் உரிமையோடு பேசி, தொண்டைமானிடம் தூது சென்ற புலவர் பெருமாட்டி அவள். கோலூன்றிய பாட்டியின் உருவம் பிற்கால அவ்வையர் பலரும் சேர்ந்து உருவான ஒன்று. 1968-இல் சென்னைக் கடற்கரையில் சிலையாக நிறுத்தப்பட்டதும் அந்த உருவமே. மக்கள் அவ்வையென்று அறிந்தது அந்தக் கிழவியைத்தான்.

அவ்வையை விட்டுத் திரை அன்னையிடம் சென்றது. ஐம்பதுகளும் அறுபதுகளும் தாய்மாரின் காலம். 1942-இல் ‘கண்ணகி’யாக நின்று மதுரையை எரித்த பி. கண்ணாம்பா, பன்னிரண்டு ஆண்டுகளில் ‘மனோகரா’வின் (1954) தாயரசி பத்மாவதியானார். சங்கிலியில் பிணைபட்டு நிற்கும் மகன் சிவாஜி கணேசனுக்குக் கட்டளையிடும் அந்த அன்னையின் முழக்கத்தைக் கேட்க மக்கள் மீண்டும் மீண்டும் கொட்டகைக்குச் சென்றனர். அந்த வசனத்தை எழுதியவர் மு. கருணாநிதி. மொழியையும் மண்ணையும் தாயாக உருவகித்துப் பேசிய அரசியலுக்குத் திரையிலே ஒரு முகம் தேவைப்பட்டது. கண்ணாம்பாவின் முகம் அதற்குக் கிடைத்தது. 1956-இல் ‘தாய்க்குப்பின் தாரம்’ படத்தில் அவர் எம்.ஜி.ஆரின் தாய். தாயின் சொல்லைத் தட்டாத தனயன் என்ற பெயரே ஒரு நடிகருக்கு வாக்காக மாறியது எப்படி என்பதை அரசியல் வரலாறு எழுதுவோர் நன்கறிவர்.

இங்கே ஒரு சிறு கணக்குப் போட்டுப் பார்ப்போம். எம்.ஜி.ஆர். 1917-இல் பிறந்தவர், அவர் தாயாக நடித்த கண்ணாம்பா 1911-இல் பிறந்தவர். ஆறே ஆண்டு மூத்த தாய்! சேலம் மாடர்ன் தியேட்டர்ஸார் 1940-இல் எடுத்த ‘உத்தம புத்திர’னில் பி. யு. சின்னப்பாவின் நாயகியாக வந்த எம். வி. ராஜம்மா, 1964-இல் ‘கர்ண’னின் குந்தி. 1952-இல் ‘பராசக்தி’யில் சிவாஜியின் காதலியாக வந்த பண்டரிபாய் செய்த பயணம் இன்னும் விந்தையானது. 1973-இல் ‘கௌரவம்’ வந்தது. அதில் சிவாஜிக்கு இரட்டை வேடம்: முதிய பாரிஸ்டர் ஒருவர், அவர் வளர்த்த இளைஞன் ஒருவன். பண்டரிபாய்க்கு ஒரே வேடம். முதியவருக்கு மனைவி, இளைஞனுக்கு வளர்ப்புத் தாய். ஒரே சட்டகத்துக்குள் ஆண் கிழவனாகவும் இருக்கலாம், குமரனாகவும் இருக்கலாம். அவனோடு இருபது ஆண்டுகளுக்கு முன் காதல் பேசியவள் கிழவியாக மட்டுமே இருக்கலாம். தமிழ்த் திரையின் நீதி இதைவிடத் தெளிவாக வேறெங்கும் எழுதப்படவில்லை.

இது தமிழுக்கு மட்டும் உரிய நோய் என்று எண்ணற்க. 1957-இல் வந்த ‘மதர் இந்தியா’வில் நர்கிஸும் அவர் மகனாக வரும் சுனில் தத்தும் 1929-ஆம் ஆண்டு ஜூன் மாதத்தில் சில நாள் இடைவெளியில் பிறந்தவர்கள், மறு ஆண்டே இருவரும் மணம் புரிந்து கொண்டனர். ஹிட்ச்காக் எடுத்த ‘நார்த் பை நார்த்வெஸ்ட்’ (1959) படத்தில் கேரி கிராண்டின் அன்னையாக வந்த ஜெஸ்ஸி ராய்ஸ் லாண்டிஸ் அவரைவிட ஏழு ஆண்டு மட்டுமே மூத்தவர். ஆனால் அங்கெல்லாம் இது அவ்வப்போது நிகழ்ந்தது. இங்கோ வழக்கமாகவே நிலைத்துவிட்டது.

நிலைத்ததற்குக் காரணங்கள் உண்டு. நாயகனைச் சுற்றியே முதலீடு சுழல்கிறது. ஆகவே நாயகன் மூப்படைய விடமாட்டார்கள். அவன் இளமையை மெய்ப்பிக்கப் புதிய இளம் நாயகி வேண்டும். முந்தைய நாயகிக்குத் திருமணமாகிவிட்டால் ரசிகர் மனம் மாறிவிடும் என்ற அச்சம் வேறு. முப்பதைக் கடந்து வேலை தேடி வரும் நடிகைக்குத் திறந்திருக்கும் கதவு தாய் வேடம் ஒன்றே. நரைமுடிக்குச் சிறிது வெள்ளைப் பூச்சு, முந்தானையை இழுத்துப் போர்த்துதல், இருமல், தையல் இயந்திரம். முதுமையின் இலக்கணம் அதோடு முடிந்தது. உண்மையான அறுபது வயதுப் பெண் எப்படி நடப்பாள், எதற்குச் சிரிப்பாள் என்று பார்க்க எவருக்கும் பொழுதில்லை.

ஸ்ரீவித்யாவின் வாழ்வில் இவ்வழக்கத்தின் முழு வட்டத்தையும் காணலாம். 1953-இல் பிறந்த அவர், இருபத்திரண்டாம் வயதில் கே. பாலசந்தரின் ‘அபூர்வ ராகங்க’ளில் (1975) வளர்ந்த மகளொருத்தியின் தாயான இசைக் கலைஞராக வந்தார். வயதில் இளைய ஆடவன் ஒருவன் அவரை விரும்புவதும், அவர் மனம் தத்தளிப்பதுமே கதை. அதுகாறும் தாய் என்றால் மகன் மட்டுமே. அவளுக்கென்று ஒரு மனம் உண்டு என்று கேட்ட படம் அது. கேட்டதே பெரிது என்போம். விடை சொல்லத் துணியவில்லை என்பதும் உண்மை. அப்படத்தில் அவரைப் பிரிந்து சென்ற கணவனாக முதன்முதல் திரையில் தோன்றியவர் ரஜினிகாந்த். பதினாறு ஆண்டுகள் கழித்து மணிரத்னத்தின் ‘தளபதி’யில் (1991) அதே ரஜினிகாந்துக்கு ஸ்ரீவித்யா தாய், ராஜம்மா ஏற்ற குந்தியின் புதுப் பதிப்பு. தாயைவிட மகன் மூன்று வயது மூத்தவர். சுஜாதாவும் அப்படியே: ‘அவர்கள்’ (1977) படத்தில் ரஜினியின் மனைவி, ‘உழைப்பாளி’யில் (1993) தாய். ‘அருணாசல’த்தில் (1997) பாட்டியாக வந்த வடிவுக்கரசி, தம் பேரனைவிட வயதில் இளையவர்.

‘அவர்கள்’ படத்தைப் பற்றி மேலும் ஒன்று சொல்ல வேண்டும். அதில் கொடிய கணவனின் தாயாக லீலாவதி நடித்தார். மகன் செய்த தீங்குக்கு வருந்தி, மருமகள் வீட்டுக்குப் பணிப்பெண்ணாக வந்து உழைக்கும் மாமியார் அவர். மகன் பக்கம் நில்லாமல் நியாயத்தின் பக்கம் நின்ற முதியவளைத் தமிழ்த் திரை அவ்வளவு எளிமையாக அதற்கு முன் காட்டியதில்லை. மற்றபடி மாமியார் என்றால் கொடுமைக்காரி. தாசிகுலத்துத் தாய் என்றால் பேராசைக்காரி. ‘தில்லானா மோகனாம்பா’ளில் (1968) சி. கே. சரஸ்வதி ஏற்ற வடிவாம்பாளை நாம் வெறுத்துச் சிரித்தோம். மகளுக்குச் செல்வந்தனைத் தேடும் அந்தத் தாய்க்கு முதுமையில் சோறு போட வேறு யார் இருந்தார்கள் என்று அன்று எவரும் எண்ணவில்லை.

மனோரமாவைத் தனியே பேச வேண்டும். மன்னார்குடியில் 1937-இல் பிறந்து, நாடக மேடையில் வளர்ந்து, 1958-இல் ‘மாலையிட்ட மங்கை’ மூலம் திரைக்கு வந்த அவரை, 1963-இல் ‘கொஞ்சும் குமரி’யில் நாயகியாக்கியதும் சேலம் மாடர்ன் தியேட்டர்ஸ்தான். ஆனால் நாயகி இருக்கையில் அவரை எவரும் நிலைக்க விடவில்லை. நகைச்சுவைக்கு ஒதுக்கினர். அதனால் அவருக்கு ஒரு நன்மை விளைந்தது என்றே தோன்றுகிறது. அழகி என்று பெயர் பெறாதவளுக்கு அழகு போய்விடும் என்ற அச்சமில்லை. மூப்பு அவருடைய தொழிலைக் குறைக்கவில்லை, வளர்த்தது. ‘சின்னக் கவுண்ட’ரில் (1992) எடுப்பான பொய்ப்பல் வைத்துக்கொண்டு வந்த அந்தத் தாயைக் கொங்கு நாட்டில் பல வீட்டுத் திண்ணைகளில் நாம் பார்த்திருக்கிறோம். ‘புதிய பாதை’க்கு (1989) தேசிய விருது கிடைத்தது. ஆயிரத்துக்கும் மேற்பட்ட படங்களில் நடித்து 2015-இல் அவர் மறைந்தார்.

1988-இல் ஏ.வி.எம். நிறுவனம் ‘பாட்டி சொல்லைத் தட்டாதே’ எடுத்தது. எம்.ஜி.ஆர். படப்பெயரில் ‘தாய்’ இருந்த இடத்தில் ‘பாட்டி’யை வைத்த குறும்பு அது. இரண்டரை மணி நேரமும் படத்தைச் சுமப்பவர் பாட்டியான மனோரமா. குழந்தைகளும் கூட்டம் கூட்டமாகச் சென்று பார்த்தனர். ‘ஔவையா’ருக்குப் பின் முப்பத்தைந்து ஆண்டுகள் கழித்து ஒரு முதியவள் மீண்டும் கதையின் நடுவே அமர்ந்தாள்; இம்முறை தெய்வ அருளின்றி, வெறும் வாய்த் துடுக்கால். எனினும் அவரை வைத்தே எடுக்கப்பட்ட மற்றொரு படம் முதியவளுக்கு எல்லைக்கோட்டையும் கிழித்தது. ‘நடிகன்’ (1990) படத்தில் மணமாகாமலே மூத்துவிட்ட பெண்ணாக வரும் மனோரமா, கிழவனாக வேடமிட்டு வரும் சத்யராஜ்மீது காதல் கொள்கிறார். கொட்டகை அதிரச் சிரித்தது. முதியவள் ஆணையிடலாம், அழலாம், சமைக்கலாம், சாகலாம். நாணிக் கண்சாய்த்தால் மட்டும் சிரிப்பு. மனோரமா அந்தச் சிரிப்பின் நடுவிலும் ஓரிரு கணங்களில் உண்மையாகவே நாணினார். அந்தக் கணங்களில் சிரித்தவர் தொண்டையும் சற்று அடைத்திருக்கும்.

இனித் தொலைக்காட்சி. சென்னையில் தூர்தர்ஷன் 1975-ஆம் ஆண்டு ஆகஸ்டு 15 அன்று தொடங்கியது. தியாகதுருகம் போன்ற ஊர்களுக்கு அதன் அலைகள் வந்து சேரவும், பெட்டி வாங்கும் வசதி வரவும் மேலும் பல ஆண்டுகள் ஆயின. இதில் நம் குடும்பங்களுக்குத் தனியொரு வரலாறு உண்டு. கொட்டகைக்குப் போவதில்லை என்று வாழ்ந்த நம் வீட்டு மூதாட்டியர் பலர், கண்ணாம்பாவையும் சுந்தராம்பாளையும் முதன்முதல் கண்டது ஞாயிற்றுக்கிழமைத் திரைப்படத்தில்தான். திரையில் முதியவர் வந்தது 1953-இல். திரையைப் பார்க்க முதியவர் வந்தது முப்பது ஆண்டுகள் பின்னால். 1993 ஏப்ரல் 14-இல் சன் தொலைக்காட்சி பிறந்தது. 2006-இல் தமிழக அரசு விலையில்லா வண்ணத் தொலைக்காட்சிப் பெட்டிகளை வழங்கத் தொடங்கியபின், குடிசையிலும் மலைச் சிற்றூரிலும்கூடப் பகலெல்லாம் வீட்டிலிருக்கும் பாட்டியே அப்பெட்டியின் முதன்மை இரசிகையானாள்.

அவளுக்கு அங்கே காட்டப்பட்டது என்ன? பெரும்பாலும் அவளைப் பற்றிய அவதூறு. நெடுந்தொடர் என்பது ஒரு வீட்டுக்குள் ஆண்டுக்கணக்கில் ஓடும் கதை. வெளிப்புறப் படப்பிடிப்புக்குச் செலவு அதிகம்; ஆகவே கூடத்திலும் சமையலறையிலுமே கலகம் நிகழ வேண்டும். வேலைக்குப் போகாமல் எப்போதும் வீட்டிலிருக்கும் பாத்திரம் மாமியார். எனவே சதி செய்யும் பொறுப்பு அவள் தலையில் விழுந்தது. பட்டுப் புடவையோடு படுத்து எழும் அந்த அம்மையாரின் கண்களை மூன்று முறை அண்மையில் காட்டி, இடியோசையும் எழுப்பினால் அன்றைய பகுதி முடிந்தது. ஆனால் திரைப்படம் கைவிட்ட நடிகையருக்கு மாதச் சம்பளம் தந்ததும் இதே தொடர்கள்தாம் என்பதை மறுக்கலாகாது. 1980-இல் ‘சங்கராபரண’த்தில் நாயகியாக வந்த ராஜ்யலட்சுமி, 2020-இல் தொடங்கிய ‘பாக்கியலட்சுமி’ தொடரில் ஈசுவரி என்னும் மாமியார். அத்தொடரின் நாயகியே வளர்ந்த பிள்ளைகளின் தாய். கணவன் கைவிட்டபின் சமையல் தொழில் செய்து தலைநிமிர்பவள்.

2022-இல் சன் தொலைக்காட்சியில் வந்த ‘எதிர்நீச்ச’லை இவ்வரலாற்றில் ஒரு திருப்பம் எனலாம். திருச்செல்வம் இயக்கிய அத்தொடரில், ஆணாதிக்கம் மிக்க ஒரு வீட்டில் நான்கு மருமகள்கள். ஒரு மூலையில் அப்பத்தா பட்டம்மாள். வீட்டில் எவரும் பொருட்படுத்தாத அம்மூதாட்டியின் பெயரில் சொத்தில் நாற்பது விழுக்காடு இருப்பது தெரியவரும்போது கதையே புரள்கிறது. அப்பத்தாவாக நடித்தவர் பாம்பே ஞானம். பெண்களே ஆண் வேடமும் ஏற்று நடிக்கும் நாடகக் குழுவைப் பல ஆண்டு நடத்தியவர். கண்ணாம்பாவின் அன்னைக்கு ஆணையிடும் குரல் இருந்தது. கையெழுத்திடும் பத்திரம் இருந்ததில்லை. அப்பத்தாவுக்கு இருந்தது. 1956-ஆம் ஆண்டின் இந்து வாரிசுரிமைச் சட்டம் தாய்க்கும் கைம்பெண்ணுக்கும் பங்கு தந்து அறுபத்தாறு ஆண்டுகள் கழித்து அது மாலைத் தொடரின் கருவாயிற்று! நம் ஷரீஅத்தோ, பிள்ளைகளை விட்டு இறந்த மகனின் சொத்தில் தாய்க்கு ஆறில் ஒரு பங்கும், மனைவிக்கு எட்டில் ஒரு பங்கும் என்று என்றோ வகுத்துவிட்டது. அப்பங்கைக் கேட்டு வாங்கிய உம்மாமார் நம் தெருவில் எத்தனை பேர் என்ற கேள்வியை அத்தொடர் பார்த்த வீடுகளில் யாரேனும் எழுப்பியிருந்தால் நன்று.

திரைப்படமும் அண்மைக் காலத்தில் முதியவளை உற்றுப் பார்க்கத் தொடங்கியிருக்கிறது. ‘தென்மேற்குப் பருவக்காற்’றில் (2010) வீராயியாக நின்று தேசிய விருது பெற்ற சரண்யா, ‘நாயக’னில் (1987) நாயகியாக வந்தவர். மணிகண்டன் இயக்கிய ‘காக்கா முட்டை’யில் (2015), பேரன்களின் ஆசைக்காகத் தோசை மாவில் பீட்சா சுட முயலும் சேரிக் கிழவியை எளிதில் மறக்க இயலாது. ‘செம்பி’யில் (2022) நகைச்சுவைக்கே பேர்போன கோவை சரளா, பேத்திக்கு நேர்ந்த கொடுமைக்கு நீதி தேடும் மலைவாழ் மூதாட்டியாக வந்தார். கொடைக்கானல் மலைக்கதை அது. கல்வராயன் மலைப் பாட்டியருக்கும் அந்த முகம் அயலன்று.

‘சில்லுக் கருப்பட்டி’ (2019) நான்கு கதைகளின் தொகுப்பு. இயக்கியவர் ஹலிதா ஷமீம் என்னும் பெண்மணி. அதில் ஒரு கதை, முதுமையில் சந்திக்கும் ஆணும் பெண்ணும் கொள்ளும் நேசம் பற்றியது. பெண்ணாக நடித்த லீலா சாம்சன் அப்போது அறுபத்தெட்டு வயதினர். பூச்சு வேலையின்றித் தம் வயதிலேயே நின்றார். ‘நடிக’னுக்குச் சிரித்த அதே நாட்டில் இக்கதைக்கு எவரும் சிரிக்கவில்லை. இருபத்தொன்பது ஆண்டுகளில் கொட்டகை கற்றுக்கொண்ட பாடம் அது. 2024-இல் வந்த ‘ஜெ. பேபி’யில் ஊர்வசி, மனநலம் குன்றிக் கொல்கத்தாவில் காணாமற்போன தாய். பேச்சு முறிந்த இரு மகன்கள் அவளைத் தேடிச் செல்கிறார்கள். தெய்வமும் அல்லாத, கொடியவளும் அல்லாத, பிள்ளைகளுக்கே தொல்லையான ஒரு தாயை, தொல்லையோடு சேர்த்தே அன்பு செய்ய முடியும் என்று சுரேஷ் மாரி காட்டினார்.

இவ்வளவு பேரிலும் நம் வீட்டு உம்மும்மா எங்கே? வாப்பும்மா எங்கே? நன்னி எங்கே? ‘பாவமன்னிப்பி’ல் (1961) நாகையா ஏற்ற இசுமாயில் இன்றும் நம் கண்முன் நிற்கிறார், அவருக்கு இணையான முஸ்லிம் மூதாட்டி ஒருத்தி எழுபதாண்டுத் தமிழ்த் திரையிலிருந்து நினைவுக்கு வரவில்லை. வெற்றிலை இடிக்கும் உரலோடும், கலவரக் காட்சியில் கதறும் வாயோடும் அவளுடைய பங்கு பெரும்பாலும் முடிந்துவிடுகிறது. காயல்பட்டினத்திலும் கீழக்கரையிலும் வீடு பெண்மக்கள் வழியாகவே இறங்கும். மருமகன்தான் மாமியார் வீட்டுக்கு வருவான். அங்கே வீட்டின் தலைவி பாட்டி. மாமியார் கொடுமையையே முதலாக வைத்துக் கடை நடத்தும் தொடர்க்காரர்கள் இந்தத் தலைகீழ் வீட்டுக்குள் ஒருமுறை நுழைந்து பார்த்திருக்கலாம். எத்தனையோ கதைகள் கிடைத்திருக்கும்.

உண்மைப் படமொன்றில் அவள் ஒருமுறை தோன்றியதுண்டு. பிரித்தானிய இயக்குநர் கிம் லாங்கினாட்டோ, துவரங்குறிச்சிக் கவிஞர் சல்மாவைப் பற்றி 2013-இல் ‘சல்மா’ என்ற ஆவணப்படம் எடுத்தார். பருவமெய்தியதும் பள்ளியை விட்டு நிறுத்தப்பட்டு, வீட்டுக்குள் ஒளிந்து ஒளிந்து கவிதை எழுதிய பெண்ணின் கதை அது. மகளை வீட்டுக்குள் அடைத்த குடும்பத்தில் ஒருவராக இருந்தவர் அவருடைய தாயார். மகள் கசங்கிய தாள்களில் எழுதிய கவிதைகளை எவரும் அறியாமல் வெளியே கொண்டுசென்று அச்சேற வழிசெய்தவரும் அதே தாயார்தான்.